சந்தோசத்தில் சலம் விடும் நாய்க்குட்டி



இம்மாதப் பேச்சுக்கு எடுத்துக்கொண்ட விடயம் சிலருக்குச் சிரிப்பை வரவழைக்கலாம். ஆனால் கனடாவிலே வீட்டுக்குள் நாய்க்குட்டி வளர்க்கும் எமது குடும்பங்கள் பலவற்றுக்கு இது சிரிப்பான விடயம் அல்ல. பிள்ளைகள் பள்ளிக்கூடத்தால் வருகிறார்கள். கதவு திறக்கிறது. குட்டி வாலை மட்டுமல்ல, உடம்பையே ஆட்டிக்கொண்டு ஓடி வருகிறது. ஒரு பிள்ளை குனிந்து அதன் தலையைத் தடவுகிறது. உடனே நிலத்தில் சலம். அப்பா வேலையால் வரும்போது மறுபடியும் அதே கதை. ஞாயிற்றுக்கிழமை மாமா குடும்பம் வந்தால் அவர்களுடைய காலுறையே நனைந்துவிடுகிறது.

முதல் வாரம் எல்லோரும் சிரிப்பார்கள். இரண்டாம் மாதத்தில் ஏச்சுத் தொடங்கும். பிறகு ஒரு தட்டு, அல்லது மூக்கைப் பிடித்து ஈரத்தில் தேய்ப்பது. கார்ப்பெற் மணக்கத் தொடங்கியதும், "உதை யாருக்காவது குடுத்துவிடுவம்" என்ற கதை எழும்பும். அந்த நாய்க்குட்டியோடு படுத்தெழும்பும் பிள்ளைக்கு அந்தப் பேச்சு எவ்வளவு பெரியது என்று பெரியவர்கள் பலவேளை யோசிப்பதில்லை.

ஆகவே முதலிலேயே சொல்லிவிடுகிறேன். இது பெரும்பாலும் தீரக்கூடிய பிரச்சினை. ஆனால் ஏசித் தீராது. ஏசினால் கூடும். மாற வேண்டியது கதவைத் திறந்து உள்ளே வருபவர்களின் பழக்கம். நாய் அதற்குப் பின்னால் மாறும். ஏன் அப்படி என்பதை விளங்கிக்கொண்டால், செய்ய வேண்டியது தானாகவே விளங்கும்.

ஊரிலும் இது இருந்தது

"ஊரிலை நாங்களும் நாய் வளத்தனாங்கள், இப்பிடி ஒரு வியாதியைக் காணேல்லை" என்று பெரியவர்கள் சொல்வதுண்டு. ஊரில் நாய் வளவுக்குள் நின்றது. வெளியில் போனவர் திரும்பி வரும்போது படலையடிக்கு ஓடிப்போய் வரவேற்றது. அங்கே நாலு துளி விட்டிருந்தால் மணல் உறிஞ்சியிருக்கும். எவரும் அதைப் பார்த்திருக்க மாட்டார்கள். இங்கே அதே வரவேற்பு மூடிய கதவுக்குள், கார்ப்பெற்றுக்கு மேல் நடக்கிறது. நாயின் குணம் மாறவில்லை. அது நிற்கும் இடம்தான் மாறியிருக்கிறது.

உடம்பில் நடப்பது என்ன?

சலப்பையின் வாயை மூடி வைத்திருப்பவை தசைகள். உள்ளே இருக்கும் ஒன்று தன்னிச்சையாக இயங்குவது. வெளியே இருக்கும் மற்றது நாய் தன் விருப்பப்படி இறுக்கிப் பிடிக்கக்கூடியது. பிறந்த குட்டிக்கு இந்தக் கட்டுப்பாடு எதுவுமே இல்லை. முதல் மூன்று கிழமை வரையில் தாய் நாய் வயிற்றடியை நக்கிவிட்டால்தான் குட்டிக்குச் சலம் போகும். அதன் பிறகு நரம்பும் தசையும் மெல்ல மெல்ல முதிர்கின்றன. குட்டியின் வயதை மாதத்தில் எண்ணி, அதோடு ஒன்றைக் கூட்டினால் வரும் மணித்தியாலம் வரையில் அது சலத்தை அடக்கலாம் என்று ஒரு நடைமுறைக் கணக்கு உண்டு. மூன்று மாதக் குட்டி என்றால் சுமார் 4 மணித்தியாலம். இதுவும் அது அமைதியாக இருக்கும்போது மட்டும்தான். பரபரப்பு ஏறும்போது இன்னும் முதிராத அந்தப் பிடி நழுவிவிடுகிறது. தனக்குச் சலம் போனதே குட்டிக்குத் தெரியாமல் இருக்கலாம். ஓடிக்கொண்டும் துள்ளிக்கொண்டும் சொட்டுச் சொட்டாக விடுவது அதனால்தான்.

இதை ரொயிலற் பழக்கம் இல்லாமையோடு போட்டுக் குழப்பக் கூடாது. பழகாத குட்டி சலப்பை நிறைந்தபோது மணந்து பார்த்து, சுற்றி வந்து, குந்தி, நிறைய விடும். ஆளில்லாத அறையில் போயும் விடும். ஆண் நாய் காலைத் தூக்கிக் கதிரைக் காலிலோ சுவர் மூலையிலோ கொஞ்சம் அடிப்பது தன் எல்லையைக் குறிப்பதற்கு. நாம் பேசும் விடயம் இந்த இரண்டுமல்ல. ஒரு ஆள் வந்த கணத்தில், அல்லது விளையாட்டு உச்சத்துக்குப் போன கணத்தில், சிறிதளவு போவதுதான் இது.

சந்தோசமா, பணிவா?

இதற்குள்ளும் இரண்டு வகை உண்டு. வெளியில் ஒன்று போலத் தெரிந்தாலும் கவனிக்க வேண்டிய முறை கொஞ்சம் வேறு.

முதலாவது, சந்தோசச் சலம். குட்டியின் உடம்பு தளர்ந்து இருக்கும். வால் அகலமாக ஆடும். துள்ளும், சுற்றும், முகத்தை நக்க முயலும். பெரும்பாலும் ஒரு வயதுக்கு உட்பட்ட குட்டிகளிடம் காணப்படுவது இது. கட்டுப்பாடு முதிர முதிரக் குறைந்துகொண்டு போகும்.

இரண்டாவது, பணிவுச் சலம். இங்கே நாய் உடம்பைச் சிறிதாக்கும். காதைப் பின்னால் மடிக்கும், வாலைத் தாழ்த்தும் அல்லது காலுக்கிடையில் செருகும், கண்ணைத் திருப்பிக்கொள்ளும், நிலத்தோடு பதுங்கும், மல்லாக்கப் புரண்டு வயிற்றைக் காட்டும். ஒருவர் உயரமாக நின்று அதன் மேல் குனியும்போது, நேராகக் கண்ணைப் பார்க்கும்போது, உரத்த குரலில் கதைக்கும்போது இது நடக்கும். வளர்ந்த நாயிடமும் காணலாம். முன்பு அடிபட்ட நாய்களிடமும், காப்பகத்திலிருந்து எடுத்த கூச்சமுள்ள நாய்களிடமும் கூடுதலாக இருக்கும்.

சுவிற்சர்லாந்தைச் சேர்ந்த விலங்கு நடத்தை ஆய்வாளர் றூடொல்ப் ஷெங்கெல், ஓநாயும் நாயும் பணிவைக் காட்டும் விதங்களை 1967 இல் ஒரு கட்டுரையில் விளக்கினார். மல்லாக்கப் படுத்து அசையாமல் கிடக்கும் பணிவு, தாய் நக்கிச் சுத்தம் செய்வதற்காகக் குட்டி படுத்துக் கொடுக்கும் நிலையிலிருந்து வந்தது என்பது அவருடைய விளக்கம். அந்த நிலையில் சலம் போவதும் அதன் ஒரு பகுதிதான். நாயின் பாசையில் அதன் பொருள்: "நான் சின்னவன், உன்னோடு சண்டைக்கு வரவில்லை, என்னை ஒன்றும் செய்யாதே."

சோதனைச் சாவடியில் அடையாள அட்டையைக் கையில் பிடித்துக்கொண்டு வரிசையில் நின்ற காலம் எமது நேயர்கள் பலருக்கு நினைவிருக்கும். பயம் வரும்போது உடம்பு சொல்வழி கேளாது என்பதை அவர்களுக்கு நான் விளக்கத் தேவையில்லை.

ஏச்சு ஏன் பலிக்காது?

இப்போது நாயின் பக்கத்திலிருந்து கணக்கைப் பாருங்கள். அப்பா வந்தார். சந்தோசம் தாங்காமல் சலம் போனது. அப்பா உரத்துக் கத்தினார். நாய் படிக்கும் பாடம் "வீட்டுக்குள் சலம் விடக் கூடாது" என்பதல்ல; அது வேண்டுமென்று விடவில்லையே. அது படிக்கும் பாடம், "கதவால் வரும் அப்பா ஆபத்தானவர்" என்பது. அடுத்த நாள் அப்பா வரும்போது சந்தோசத்தோடு பயமும் சேர்ந்துகொள்ளும். பயந்த நாய் சமாதானம் கேட்கும். சமாதானம் கேட்கும் விதங்களில் ஒன்று சலம் விடுவது. இப்படித்தான் வயதோடு தானே நின்றிருக்க வேண்டிய சந்தோசச் சலம், வளர்ந்த பிறகும் தொடரும் பணிவுச் சலமாக மாறுகிறது.

"அதுக்குத் தான் செய்தது பிழை எண்டு தெரியும், முகத்தைப் பாருங்கோ" என்று சொல்பவர்கள் உண்டு. 2009 இல் அமெரிக்க ஆய்வாளர் அலெக்சாண்ட்ரா ஹோரோவிற்ஸ் 14 நாய்களை வைத்து இதைச் சோதித்தார். எடுக்காதே என்று சொன்ன தின்பண்டத்தை நாய் உண்மையில் எடுத்ததா இல்லையா என்பதற்கும் அந்தக் "குற்றமுள்ள" முகத்துக்கும் தொடர்பு காணப்படவில்லை. சொந்தக்காரர் ஏசும்போதுதான் அந்த முகம் கூடுதலாக வந்தது. ஒரு பிழையும் செய்யாத நாய்கூட ஏச்சு வாங்கியபோது அப்படியே முழித்தது. ஆக, நாம் குற்ற உணர்வு என்று நினைப்பது எமது கோபத்துக்கு நாய் காட்டும் பணிவு.

மூக்கைத் தேய்ப்பதும், அடிப்பதும், தண்டனையாகக் குளிரில் வெளியே கட்டிவிடுவதும் இதே வழியில்தான் பிரச்சினையைக் கூட்டும். சட்டத்தையும் சொல்ல வேண்டும். ஒன்ராறியோ மாகாணத்தில் 2020 ஜனவரி 1 முதல் நடைமுறையில் உள்ள விலங்கு நலச் சட்டத்தின்படி, ஒரு விலங்குக்குத் துன்பம் விளைவிப்பது குற்றம்.

முதலில் மிருக வைத்தியர்

பயிற்சியைத் தொடங்குமுன் நோய் ஏதும் இல்லை என்று உறுதிப்படுத்திக்கொள்ளுங்கள். கீழ்க்கண்டவற்றில் எதையாவது கண்டால் மிருக வைத்தியரிடம் காட்ட வேண்டும்.

– ஆள் வராத நேரத்திலும் அடிக்கடி கொஞ்சம் கொஞ்சமாகப் போவது, முக்குவது, சலத்தில் இரத்தம் தெரிவது. சலவழித் தொற்றாகவோ சலப்பைக் கல்லாகவோ இருக்கலாம்.

– வழக்கத்தைவிட மிக அதிகமாகத் தண்ணீர் குடிப்பது. நீரிழிவு, சிறுநீரக நோய் போன்றவற்றின் அடையாளமாக இருக்கலாம்.

– படுத்திருந்த இடம் நனைந்திருப்பது. கருப்பை எடுத்த பெண் நாய்களில் சலவழித் தசை தளர்வதால் இது வரும், மருந்து உண்டு.

– இளம் பெண் குட்டியிடம் இரவுபகலாகச் சொட்டிக்கொண்டிருப்பது. சிறுநீரகத்திலிருந்து வரும் குழாய் பிறப்பிலேயே தவறான இடத்தில் இணைந்திருக்கக் கூடும்.

– நாய் முக்கியும் சலம் போகாமல் இருப்பது. இது அவசரம், அடுத்த நாள் வரை பொறுக்கக் கூடாது.

சலம் குறையட்டும் என்று தண்ணீரை மறைத்து வைக்கவே கூடாது. அதனால் சலம் கடுமையாகும், குட்டியின் உடல்நலம் கெடும், பிரச்சினையும் தீராது.

வாசலில் செய்ய வேண்டியவை

எமது வீடுகளில் ஒரு வழக்கம் உண்டு. உள்ளே வந்ததும் கதவடியிலேயே குனிந்து சப்பாத்தைக் கழற்றுவோம். நாயின் கண்ணால் அதைப் பாருங்கள். காலையிலிருந்து காத்திருந்த ஆள் வருகிறார், பெரிய குளிர்ச்சட்டையோடு இரண்டு மடங்காகத் தெரிகிறார், வந்தவுடன் தலைக்கு மேலாகக் குனிகிறார். சந்தோசத்துக்கும் பணிவுக்கும் வேண்டிய எல்லாம் அந்த ஒரு சதுர அடிக்குள் நடக்கிறது. ஆகவே மாற்றத்தை அங்கிருந்தே தொடங்குவோம்.

ஒன்று: கதவடியில் ஒரு சின்ன ஸ்டூல் வையுங்கள். உள்ளே வந்து, நாய்க்குப் பக்கவாட்டாகத் திரும்பி, அதில் இருந்து சப்பாத்தைக் கழற்றுங்கள். கராஜ் வழியாக வருபவர் அங்கேயே கழற்றிவிட்டு வரலாம்.

இரண்டு: முதல் ஐந்து, பத்து நிமிடத்துக்குப் பார்வை இல்லை, சொல் இல்லை, கை இல்லை. நாய் அங்கே இல்லாதது போல உங்கள் பையை வைத்து, கையைக் கழுவி, உங்கள் வேலையைப் பாருங்கள். இது கல்நெஞ்சம் போலத் தோன்றலாம். உண்மையில் குட்டிக்குத் தேவைப்படுவது தன் பரபரப்பை இறக்கிவைக்க அந்தக் கொஞ்ச நேரம்.

மூன்று: கதவைத் திறந்ததும் அதன் சாப்பாட்டு உருண்டைகளில் நாலைந்தைச் சத்தமில்லாமல் நிலத்தில் உங்களுக்குத் தள்ளிப் பரப்பிவிடலாம். மூக்கு நிலத்தில் தேடத் தொடங்கினால் துள்ளல் குறையும். கதவுக்கு வெளியே ஒரு பேணியில் எப்போதும் கொஞ்சம் வைத்திருங்கள்.

நான்கு: துள்ளல் அடங்கியதும், மெல்லிய குரலில் "வா" என்று சொல்லி நேராக வெளியே கூட்டிக்கொண்டு போங்கள். அங்கே சலம் போனதும் பாராட்டி ஒரு தீனி கொடுங்கள். ஜனவரிக் குளிரில் இதற்குத் தாமதம் வரும் என்பதால், நாயின் வாரையும் சட்டையையும் கதவடியிலேயே கொழுவி வையுங்கள். தொடர்மாடியில் இருப்பவர்கள் சின்னக் குட்டியைத் தூக்கிக்கொண்டு கீழே போவது நல்லது. மின்தூக்கிக்குள் எவராவது கொஞ்ச வந்தால், "பழக்கிக்கொண்டிருக்கிறோம்" என்று மரியாதையாகச் சொல்லிக் கொஞ்சம் விலகி நில்லுங்கள்.

ஐந்து: சந்திப்பு இதற்குப் பிறகுதான். நிலத்திலோ தாழ்வான கதிரையிலோ பக்கவாட்டாக இருங்கள். குட்டி உங்களிடம் வரட்டும். தலைக்கு மேலால் கையைக் கொண்டு போகாமல், நாடிக்குக் கீழும் நெஞ்சிலும் மெல்லச் சொறிந்துவிடுங்கள். மூன்று செக்கன் தடவி நிறுத்துங்கள். அமைதியாக இருந்தால் தொடருங்கள். உடம்பு ஆடத் தொடங்கினால் எழும்பிப் போய்விடுங்கள்.

ஆறு: குட்டிக்கு வேறொரு வேலை பழக்குங்கள். "இரு" என்றதும் இருப்பது, அல்லது தன் பாய்க்குப் போவது. இதை வீடு அமைதியாக இருக்கும் நேரத்தில், தீனி கொடுத்துப் பழக்க வேண்டும். நன்கு பழகிய பிறகுதான் வாசலில் கேட்கலாம். பணிந்து பதுங்கும் நாயிடம் இதை அதட்டிக் கேட்கக் கூடாது.

ஏழு: வருகையைப் பயிற்சியாகச் செய்யுங்கள். ஒரு சனிக்கிழமை பின்னேரம் ஒருவர் வெளியே போய் ஒரு நிமிடத்தில் திரும்பி வரட்டும். இப்படிப் பத்துத் தடவை. முதல் தடவை பெரிய கொண்டாட்டம் நடக்கும். போகப் போகக் குட்டிக்கு அலுத்துவிடும். அதுதான் எமக்கு வேண்டியது. முதலில் நாய் அதிகம் பொருட்படுத்தாத ஆளோடு தொடங்கி, கடைசியில் அது உயிரை விடும் ஆளுக்கு வாருங்கள். அப்படியே பேச்சில்லாத வருகை, பிறகு ஒரு மெல்லிய சொல், பிறகு ஒரு தடவல் என்று படிப்படியாகக் கூட்டுங்கள்.

எட்டு: இவ்வளவுக்கும் பிறகு சலம் போனால் ஒன்றும் சொல்லாதீர்கள். பெருமூச்சும் வேண்டாம். "பரவாயில்லை கண்ணா" என்ற கொஞ்சலும் வேண்டாம். அந்த இடத்தை விட்டு அமைதியாக விலகுங்கள். குட்டி வேறு அறைக்குப் போன பிறகு துடையுங்கள்.

விளையாட்டில் சலம் போகும் குட்டிக்கும் இதே முறைதான். வெளியே போய்வந்த பிறகு விளையாடுங்கள். துரத்தி, மல்லுக்கட்டி விளையாடாமல் பந்து தேடும் விளையாட்டாகக் கொடுங்கள். துள்ளல் ஏறுமுன் இடைவேளை விடுங்கள்.

வீட்டில் எல்லோருக்கும் ஒரே முறை

ஐந்து பேர் உள்ள வீட்டில் நான்கு பேர் இந்த முறையைக் கடைப்பிடித்து, ஒருவர் கதவைத் திறந்ததும் "என்ர செல்லம்!" என்று கத்தினால், நாய்க்கு வாசல் தொடர்ந்தும் கொண்டாட்ட இடம்தான். ஆகவே ஒரு நாள் எல்லோரும் இருந்து கதைத்துத் தீர்மானியுங்கள். சொற்களையும் ஒன்றாக்குங்கள். அம்மம்மா "இரு" என்றும், பிள்ளை "சிற்" என்றும், அப்பா "குந்து" என்றும் சொன்னால் பாவம் நாய் எந்த மொழியைப் படிப்பது? தமிழில் சொல்லலாமே. இரண்டெழுத்துச் சொல், வீட்டில் எல்லோருக்கும் வாயில் வரும்.

சின்னப் பிள்ளைகளிடம் "தொடாதே, பார்க்காதே" என்று சொன்னால் முடியாது. அவர்களுக்கு ஒரு வேலை கொடுங்கள். உருண்டைத் தீனியைப் பரப்பும் பொறுப்பு ஐந்து வயதுப் பிள்ளையுடையதாக இருக்கட்டும். கலண்டரில் சலம் போன ஒவ்வொரு தடவைக்கும் ஒரு புள்ளி போடும் பொறுப்பு பத்து வயதுப் பிள்ளையுடையதாக இருக்கட்டும்.

பெரியவர்களின் சங்கடத்தையும் மதிக்க வேண்டும். விரதம் பிடிப்பவர்களுக்கும், சாமி அறையைத் துப்பரவாக வைத்திருப்பவர்களுக்கும் வீட்டுக்குள் நாய்ச்சலம் என்பது வெறும் அழுக்கு மட்டும் அல்ல. சாமி அறைப் பக்கம் போகாமல் குழந்தைகளுக்குப் போடும் தடுப்புக் கேற் ஒன்றைப் போட்டுவிட்டால் பாதிச் சண்டை முடிந்துவிடும். இன்னொன்றையும் கவனித்துப் பாருங்கள். நாயைக் கொஞ்சாமல், பார்க்காமல், தன்பாட்டில் மெல்ல நடந்து போகும் அம்மம்மாவுக்கு முன்னால் அது சலம் விடுகிறதா? பல வீடுகளில் இல்லை என்ற பதில்தான் வரும். நாம் இவ்வளவு நேரமாக விளக்கியதை அவர் தெரியாமலே செய்துகொண்டிருக்கிறார்.

விருந்தினர் வரும் நாள்

விருந்தினர் வருவதற்குப் பத்து நிமிடம் முன்பு குட்டியை வெளியே கொண்டுபோய்ச் சலம் போக விடுங்கள். அவர்கள் வரும்போது அது ஒரு அறையிலோ தடுப்புக் கேற்றுக்குப் பின்னாலோ, கடிக்கும் விளையாட்டுப் பொருள் ஒன்றோடு இருக்கட்டும். எல்லோரும் இருந்து தேத்தண்ணீர் குடித்து, கதை அமைதியான பிறகு வாரில் பிடித்துக் கூட்டி வாருங்கள். வசதியிருந்தால் முதற்சந்திப்பைப் பின்வளவில் வைப்பது மிக நல்லது. அங்கே நாலு துளி போனாலும் ஊர் மணல் போலப் புல் பார்த்துக்கொள்ளும்.

வயதில் மூத்த விருந்தினரிடம் "நாயைத் தொடாதேங்கோ" என்று சொல்வது எமக்குக் கூச்சமான காரியம். அதற்கும் வழி உண்டு. வாசலில் அவர் கையில் நாலு உருண்டைத் தீனியைக் கொடுத்து, "மாமா, இதை அங்காலை நிலத்திலை போட்டுவிடுங்கோ, அது சந்தோசப்படும்" என்று சொல்லுங்கள். அவருக்கும் மனக்குறை இல்லை. நாயின் மூக்கும் நிலத்துக்குப் போய்விடும்.

பணிந்து பதுங்கும் நாய்க்கு

இந்த வகை நாய்க்கு மேலே சொன்ன யாவும் பொருந்தும். அதற்கு மேலாக நம்பிக்கையைக் கட்ட வேண்டும். நேரம் தவறாத சாப்பாடு, ஒரே வழியில் நடை, சின்னச் சின்னக் கட்டளைகளைத் தீனி கொடுத்துப் பழக்கிப் பாராட்டுவது ஆகியவை அதற்கு உதவும். அது ஒளிந்துகொண்டால் இழுத்தெடுக்க வேண்டாம். வார் போடும்போதும் மேலே குனியாமல், பக்கத்தில் குந்தி இருந்து நாடிக்குக் கீழால் கொழுவுங்கள். வீட்டில் ஆட்கள் ஒருவரோடொருவர் உரத்துச் சண்டை பிடித்தாலும் நாய் அதைத் தன்மேல் எடுத்துக்கொள்ளும். தொலைக்காட்சியில் கிரிக்கெற் பார்த்துக் கத்தும் வீடுகளில் அந்த நேரம் அதற்கு வேறு அறை கொடுங்கள்.

துப்பரவு செய்யும் முறை

முதலில் பழைய துவாயால் அழுத்தி ஈரத்தை ஒற்றி எடுங்கள். தேய்த்தால் உள்ளே இறங்கும். பிறகு செல்லப்பிராணிக் கடைகளில் விற்கும் நொதியம் கலந்த துப்பரவுத் திரவத்தை ஊற்றி, போத்தலில் எழுதியுள்ள நேரம் வரை ஊறவிட்டு ஒற்றி எடுங்கள். மணத்தைத் தரும் பொருட்களை நொதியம் சிதைத்துவிடும். சாதாரணக் கிருமிநாசினியின் வாசம் எமது மூக்கைத்தான் ஏமாற்றும். அமோனியா கலந்தவை வேண்டாம். அந்த மணம் நாய்க்குச் சலத்தை நினைவூட்டலாம். நீராவி இயந்திரத்தின் சூடு மணத்தையும் கறையையும் கார்ப்பெற் இழையில் பதித்துவிடக் கூடும். மஞ்சள் தண்ணீர் தெளித்தால் இன்னொரு கறைதான் மிஞ்சும்.

ஒரு எச்சரிக்கை. குளோரின் கலந்த வெளிற்றும் திரவத்தைச் சலத்தின் மேல் ஊற்றக் கூடாது, வினாகிரியோடும் அமோனியாவோடும் கலக்கவும் கூடாது. நச்சு வாயு கிளம்பும்.

வாசலில் கழுவக்கூடிய தடித்த கால்விரிப்பு இரண்டை வாங்கி மாறி மாறிப் போடுங்கள். பழகும் காலத்தில் விருந்தினர் வரும் நாளில் நாய்க்கான அணையாடை போடலாம். நனைந்தவுடன் மாற்ற வேண்டும், இல்லாவிட்டால் தோல் புண்ணாகும்.

எவ்வளவு காலம் எடுக்கும்?

சந்தோசச் சலம் பெரும்பாலான குட்டிகளில் ஒரு வயதளவில் நின்றுவிடும். வீடு முழுவதும் ஒரே முறையில் நடந்தால் சில வாரங்களிலேயே குறைவதைக் காணலாம். அதற்காகத்தான் கலண்டர். ஞாபகத்தை நம்பினால் "ஒரு மாற்றமும் இல்லை" என்றுதான் சொல்வோம். புள்ளிகளை எண்ணினால் கிழமைக்கு 14 ஆக இருந்தது 6 ஆகியிருப்பது போன்ற மாற்றம் கண்ணுக்குத் தெரியும். பணிவுச் சலத்துக்குக் கூடுதல் காலம் எடுக்கும். இடையில் ஒரு கலியாண வீடோ பிறந்தநாளோ வந்தால் சில நாட்கள் பின்னுக்குப் போகும். அதனால் மனம் தளர வேண்டாம்.

இரண்டு மாதம் ஒழுங்காகச் செய்தும் புள்ளிகள் குறையாவிட்டால், அல்லது ஒரு வயதைத் தாண்டியும் தொடர்ந்தால், மறுபடியும் மிருக வைத்தியரிடம் போங்கள். அவர் ஊடாக ஒரு நாய்ப் பயிற்சியாளரை அறிந்துகொள்ளுங்கள். கனடாவில் இத்தொழிலுக்கு அரச உரிமம் தேவையில்லை. எவரும் பெயர்ப்பலகை மாட்டலாம். ஆகவே பணம் கட்டுமுன், "நாய் பிழை விட்டால் நீங்கள் என்ன செய்வீர்கள்?" என்று கேளுங்கள். கழுத்துச் சங்கிலியை இழுப்பேன், அதட்டுவேன், மின்னதிர்ச்சிப் பட்டி போடுவேன் என்று சொல்பவர் இந்தப் பிரச்சினைக்கு உதவ மாட்டார்.

நாயை வேறு வீட்டுக்குக் கொடுப்பதா என்ற கேள்வி எழுந்திருக்கும் வீடுகளுக்கு ஒரு வேண்டுகோள். முதலில் இந்த இரண்டு மாதத்தைக் கொடுத்துப் பாருங்கள். காப்பகத்துக்குப் போகும் குட்டி அங்கும் புது ஆட்களைக் காணும்போது இதையேதான் செய்யும். எடுக்க வருபவருக்கு முன்னாலும் செய்யும். வீட்டில் இருக்கும் பிள்ளையோ, தன்னால் அடக்க முடியாத ஒன்றுக்காக ஒரு சின்ன உயிர் வீட்டை விட்டு அனுப்பப்பட்டதைப் பார்த்துக்கொண்டிருக்கும். அதே பிள்ளையிடம் கலண்டரையும் தீனிப் பேணியையும் கொடுத்துப் பாருங்கள். புள்ளிகள் குறைவதை உங்களுக்கு முதலில் சொல்லப்போவது அந்தப் பிள்ளைதான்.

இன்று பின்னேரம் வேலையால் போகும்போது கதவடியில் வைக்க ஒரு ஸ்டூல் தேடி எடுத்துவிடுங்கள். மற்றவற்றை ஒவ்வொன்றாகப் பழகலாம். அடுத்த மாதப் பேச்சில் மீண்டும் சந்திப்போம்.